பென்சன் சலுகையா, கடனா?

வர்த்தகர்களுக்கான இந்தப் பத்தியில் அரசாங்க உத்தியோகத்தரின் பென்சனைப் பற்றி எழுத என்ன இருக்கிறது என்று சிலர் கேட்கக்கூடும். வடமராட்சியில் உடுபுடவை வியாபாரம் செய்யும் எனக்கு அந்தச் சந்தேகம் வருவதில்லை. உடுப்பிட்டியிலும் அதைச் சூழவுள்ள ஊர்களிலும் என் கடன் கொப்பியில் பெயர் உள்ளவர்களில் பெரும் பகுதியினர் இளைப்பாறிய ஆசிரியர்கள், எழுதுவினைஞர்கள், தபால் உத்தியோகத்தர்கள் அல்லது அவர்களுடைய விதவைகள். மாதத்தின் 10ஆம் திகதி அளவில் பென்சன் வங்கிக்கு வரும். அந்த வாரம் நெல்லியடியில் மருந்துக் கடைக்காரர், பலசரக்குக் கடைக்காரர், நான் எல்லோரும் ஒரே முகங்களைத்தான் எதிர்பார்த்திருப்போம். பென்சன் இரண்டு நாள் பிந்தினால் எங்கள் காசோலைகளும் பிந்தும்.

இது இன்று நேற்று வந்த பழக்கமல்ல. ஆறில்லாத, கிணற்றை நம்பிய மண் இது. அமெரிக்க மிஷனரிமார் 19ஆம் நூற்றாண்டிலேயே உடுப்பிட்டியில் ஆண்களுக்கும் பெண்களுக்கும் பாடசாலைகளை வைத்தார்கள். ஆங்கிலம் படித்த பிள்ளைகள் எழுதுவினைஞர்களாகவும் நிலைய அதிபர்களாகவும் தெற்கே போனார்கள். மாதம் முடிய அவர்கள் அனுப்பிய மணியோடரில்தான் இங்குள்ள அடுப்பு எரிந்தது, வீடு எழும்பியது, சீதனம் சேர்ந்தது. யாழ்ப்பாணத்துக்கு 'மணியோடர் பொருளாதாரம்' என்ற பெயர் வந்ததும் அதனால்தான். அன்று அந்த மணியோடர் காசில் துணியும் இரும்பும் விற்றவர்களில் நம்மவர்களும் இருந்தார்கள். உத்தியோகம் பார்த்தவர்கள் முதுமையில் ஊர் திரும்பியபோது மணியோடரின் இடத்தைப் பென்சன் பிடித்துக்கொண்டது.

இந்தப் பென்சன் யாருடைய காசு? அரசாங்கம் மனமிரங்கிக் கொடுக்கும் சலுகையா, அல்லது உத்தியோகத்தருக்கு அரசாங்கம் பட்ட கடனா? ஐந்தொகை பார்க்கத் தெரிந்தவர்களுக்கு இந்த வித்தியாசத்தை விளக்கத் தேவையில்லை. நன்கொடை என்றால் கொடுப்பவர் நினைத்தால் நிறுத்தலாம். கொடுமதி என்றால் புத்தகத்தில் நிற்கும், கொடுக்கும்வரை நிற்கும்.

இந்தக் கேள்வியை நம் நாட்டில் உச்ச மன்றம் வரை கொண்டுபோனவர் கோடீஸ்வரன் என்ற தமிழ் எழுதுவினைஞர். 1956இல் சிங்களம் மட்டும் சட்டம் வந்தது. 1961 டிசம்பரில் திறைசேரி 560ஆம் இலக்கச் சுற்றுநிருபத்தை வெளியிட்டது. குறித்த சிங்களப் பரீட்சையில் சித்தியடையாத உத்தியோகத்தருக்கு வருடாந்த சம்பள ஏற்றம் கிடையாது என்பது அதன் சாரம். தமிழ் மொழி மூலம் படித்த முஸ்லிம் உத்தியோகத்தர்களுக்கும் சிங்களம் அந்நிய மொழியாகத்தான் இருந்தது என்பதை இங்கே நினைவுபடுத்த வேண்டும். கோடீஸ்வரன் பரீட்சைக்குத் தோற்றவில்லை. 1962இல் அவருடைய சம்பள ஏற்றம் நிறுத்தப்பட்டது. அவர் சட்டமா அதிபருக்கு எதிராகக் கொழும்பு மாவட்ட நீதிமன்றத்தில் வழக்கு வைத்தார்.

1964இல் மாவட்ட நீதிபதி ஓ. எல். டி கிரெட்சர் அவருக்குச் சார்பாகத் தீர்ப்பளித்தார். சோல்பரி அரசியலமைப்பின் 29ஆம் பிரிவுக்கு அரசகரும மொழிச் சட்டம் முரணானது என்றும் சொன்னார். அரசாங்கம் மேன்முறையீடு செய்தது. உயர் நீதிமன்றம் 1967இல் மொழிப் பிரச்சினைக்குள் போகவே இல்லை. அரசாங்க ஊழியர் தன் சம்பளத்துக்காக முடியின் மீது வழக்குப் போட முடியாது என்ற ஒரே காரணத்தைக் காட்டித் தீர்ப்பை மாற்றியது. சம்பளம் முடியின் கருணை என்பதுதான் அதன் பொருள். கோடீஸ்வரன் லண்டனில் உள்ள கோமறைக் கழகத்துக்குப் போனார். 1969 டிசம்பரில் அங்கே கிடைத்த தீர்ப்பை லோட் டிப்லொக் எழுதினார். முடி தன் விருப்பப்படி ஊழியரை வேலையிலிருந்து நீக்கலாம், அது வேறு. நீக்கும் வரை அவர் செய்து முடித்த வேலைக்கான சம்பளம் கடன்; அதற்கு வழக்குப் போடலாம் என்று அது தெளிவாகச் சொன்னது.

மொழிச் சட்டம் செல்லுமா என்ற பெரிய கேள்வியைக் கோமறைக் கழகம் மீண்டும் இலங்கை உயர் நீதிமன்றத்துக்கே அனுப்பியது. அந்தக் கேள்விக்கு விடை வரவேயில்லை. 1971இல் கோமறைக் கழகத்துக்கான மேன்முறையீடு ஒழிக்கப்பட்டது. 1972இல் புதிய அரசியலமைப்பு வந்தபோது 29ஆம் பிரிவும் போய்விட்டது. ஆனால் உழைத்த சம்பளம் கடன் என்ற தத்துவம் நிலைத்துவிட்டது. ஒரு எழுதுவினைஞரின் ஒரு வருட சம்பள ஏற்றத்துக்காகப் போடப்பட்ட வழக்கை இன்றும் சட்ட மாணவர்கள் படிக்கிறார்கள்.

தமிழ் 1987இல் 13ஆவது திருத்தத்தால் அரசகரும மொழியானது. 2007 ஜூலை 1ஆம் திகதியிலிருந்து அரச சேவையில் சேர்ந்தவர்கள் தங்கள் மொழி தவிர்ந்த மற்ற அரசகரும மொழியிலும் தேர்ச்சி பெற வேண்டும் என 7/2007ஆம் இலக்க அரசாங்க நிர்வாகச் சுற்றுநிருபம் சொன்னது. இது சிங்களவருக்கும் தமிழ் பேசுவோருக்கும் பொதுவான விதி. ஆகவே 1961இன் விதியோடு இதைச் சமப்படுத்த முடியாது. ஆனால் பரீட்சை தவறினால் சம்பள ஏற்றத்தில் கை வைக்கப்படும் என்ற முறை மட்டும் மாறவில்லை. உங்கள் பிள்ளைகளில் யாராவது அரச சேவையில் இருந்தால் இதை அலட்சியமாக விட வேண்டாம் என்று சொல்லி வையுங்கள்.

சம்பளம் கடன் என்று முடிவாகிவிட்டது. பென்சன்? பிரித்தானியர் காலத்திலிருந்து வரும் ஓய்வூதியப் பிரமாணக் குறிப்புதான் இன்றும் அரசாங்கப் பென்சனின் அடிப்படை. அதன் முதலாம் பிரிவே அரசாங்க ஊழியருக்கு ஓய்வூதியத்தின் மீது முழுமையான உரிமை கிடையாது என்ற கருத்தில்தான் தொடங்குகிறது. ஒழுக்காற்று விசாரணை நிலுவையில் இருக்கும்போது இளைப்பாறியவரின் விளக்கம் திருப்தியில்லை என்றால் பென்சனைக் குறைக்கவோ நிறுத்தவோ 12ஆம் பிரிவு இடம் தருகிறது. முப்பது வருடம் உழைத்தவரிடம் இப்படிச் சொல்லும் ஆவணத்தை ஒரு வியாபாரி கையில் கொடுத்தால், "இது என்ன ஒப்பந்தம்?" என்று திருப்பித் தந்துவிடுவார்.

இந்தியாவில் இந்த விஷயம் வேறு விதமாகப் போனது. பாதுகாப்பு அமைச்சில் நிதி ஆலோசகராக இருந்து இளைப்பாறிய டி. எஸ். நகாரா என்பவர் ஒரு வழக்குப் போட்டார். 1979 மார்ச் 31க்கு முன் இளைப்பாறியவர்களுக்குப் பழைய கணக்கு, அதன் பின் இளைப்பாறியவர்களுக்குக் கூடுதலான புதிய கணக்கு என்று அரசாங்கம் பிரித்திருந்தது. ஒரே வேலையை ஒரே காலம் செய்த இருவரை ஒரு திகதியை வைத்து எப்படிப் பிரிப்பது? 1982 டிசம்பர் 17இல் இந்திய உச்ச நீதிமன்றம் அந்தப் பிரிவினையைத் தள்ளுபடி செய்தது. பென்சன் கருணையோ வெகுமதியோ ஆகாது, செய்த சேவைக்காகக் கிடைக்கும் உரிமை என்றது. அங்குள்ள ஓய்வூதியர்கள் அந்தத் திகதியைத் தங்கள் தினமாகக் கொண்டாடுகிறார்கள்.

நம் நாட்டிலும் திகதிதான் ஓய்வூதியர்களைப் பிரித்தது. 2016இல் அரச சேவைச் சம்பளம் திருத்தப்பட்டு 2020 வரை கட்டம் கட்டமாக உயர்ந்தது. ஒரே தரத்தில் ஒரே காலம் வேலை செய்த இரண்டு ஆசிரியர்களில், முன்னே இளைப்பாறியவருக்கும் பின்னே இளைப்பாறியவருக்கும் பென்சனில் ஆயிரக்கணக்கில் வித்தியாசம் வந்தது. உடுப்பிட்டியில் அடுத்தடுத்த வீட்டில் இருக்கும் இருவரிடையே இதைக் கண்ணால் பார்க்கிறேன். 2020 ஜனவரி 1க்கு முன் இளைப்பாறியவர்களின் இந்த முரண்பாடு 2025, 2026, 2027 ஜூலை மாதங்களில் மூன்று கட்டங்களாகச் சீர்செய்யப்படும் என்று 2025ஆம் ஆண்டு வரவு செலவுத் திட்டத்தில் அறிவிக்கப்பட்டது. காத்திருந்தவர்கள் எல்லோரும் 2027 வரை இருப்பார்களா என்று என் வாடிக்கையாளர் ஒருவர் கேட்டார். முதியோரின் கடனைத் தவணையில் தீர்ப்பதில் உள்ள சங்கடம் அதுதான்.

இனிப் பதவியுயர்வு விஷயம். பென்சன் இளைப்பாறும் அன்றைய சம்பளத்தை வைத்துக் கணிக்கப்படுகிறது. ஆகவே சேவையில் இருக்கும்போது கிடைக்க வேண்டிய பதவியுயர்வு கிடைக்காமல் போனால் இழப்பு அன்றோடு முடிவதில்லை. ஒரு உதாரணம் போட்டுப் பார்ப்போம். பதவியுயர்வால் மாதம் 2,000 ரூபா கூட வேண்டும். பென்சன் வீதம் 80 சதவீதம் என்று வைத்துக்கொள்வோம். மாதம் 1,600 ரூபா இழப்பு. பணிக்கொடை 24 மாதப் பென்சனுக்குச் சமம் என்பதால் அதில் 38,400 ரூபா இழப்பு. இருபது வருடம் உயிரோடு இருந்தால் பென்சனில் மட்டும் 3,84,000 ரூபா. அதன் பின் விதவைக்குக் கிடைப்பதிலும் குறையும்.

என் கடைக்கு வரும் இளைப்பாறிய மாஸ்டர் ஒருவருக்கு இதே கதைதான். முதலாம் தரத்துக்கு உரிய காலம் சேவையில் இருக்கும்போதே நிறைவாகிவிட்டது. கடிதம் வரவில்லை. காரணம் கேட்டால் அவருடைய சுயவிபரக் கோவையில் இரண்டு வருடத்துக்குரிய தாள்கள் இல்லை என்றார்கள். போரில் கந்தோர்கள் இடம்பெயர்ந்து, கோவைகள் எரிந்தும் சிதறியும் போன மாவட்டம் இது. ஆசிரியர் தவறு ஒன்றுமில்லை. தாளைத் தேடும் பொறுப்பு மட்டும் அவர் தலையில். இளைப்பாறி மூன்று வருடத்தின் பின் பின்திகதியிடப்பட்ட பதவியுயர்வுக் கடிதம் வந்தது. "நானா, கடிதம் வந்திட்டுது, காசுதான் இன்னும் பஸ் ஏறேல்லை" என்று சிரித்தார். பென்சனைத் திருத்தி எழுத இன்னொரு கந்தோர், நிலுவையைக் கணிக்க இன்னொரு கந்தோர். அதற்கும் ஒரு வருடத்துக்கு மேல் போனது. அந்தக் காலம் முழுவதும் அவருடைய கணக்கு என் கொப்பியில்தான் ஓடியது.

ஆகவே வீட்டில் அரசாங்க உத்தியோகத்தர் இருப்பவர்கள் சில விஷயங்களைக் கவனிக்க வேண்டும். இளைப்பாற இரண்டு மூன்று வருடம் இருக்கும்போதே சுயவிபரக் கோவையைக் கேட்டுப் பார்க்க வேண்டும். முதல் நியமனக் கடிதம், நிரந்தரமாக்கிய கடிதம், வினைத்திறன் தடைப் பரீட்சைப் பெறுபேறு, சம்பளமில்லா லீவு விபரம், இடமாற்றக் கடிதங்கள் எல்லாம் உள்ளனவா என்று பார்த்து, வீட்டிலும் ஒரு பிரதி வைத்திருக்க வேண்டும். கந்தோர் பதில் தராவிட்டால் 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவலறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் எழுத்தில் கேட்கலாம். 14 வேலை நாட்களுக்குள் முடிவு சொல்ல வேண்டும். பதவியுயர்வு பற்றிய பொதுச் சேவை ஆணைக்குழுவின் கட்டளை பிழை என்று கண்டால் 2002ஆம் ஆண்டுச் சட்டத்தால் அமைக்கப்பட்ட நிர்வாக மேன்முறையீட்டு நியாயசபை இருக்கிறது. பாரபட்சம் காட்டப்பட்டதாக உயர் நீதிமன்றத்தில் அடிப்படை உரிமை மனுப் போடுவதென்றால் ஒரு மாதம்தான் கெடு. "பார்ப்பம், பார்ப்பம்" என்று மூன்று மாதம் இருந்துவிட்டுச் சட்டத்தரணியிடம் போவதில் பயனில்லை.

நம் சமூகத்துக்குத் தனியாக ஒன்று. 1951ஆம் ஆண்டின் முஸ்லிம் விவாக, விவாகரத்துச் சட்டப்படி பதிவு செய்யாத காரணத்துக்காக மட்டும் நிக்காஹ் செல்லாமல் போகாது. அதை நம்பிச் சிலர் பதிவை விட்டுவிடுகிறார்கள். உத்தியோகத்தர் வபாத்தான பின் விதவைகள், அநாதைகள் ஓய்வூதியத்துக்கு மனைவி விண்ணப்பிக்கும்போது கேட்கப்படுவது காகிதம்தான். இத்தா இருக்கும் பெண்ணைச் சாட்சி தேடி அலைய விடுவது எந்த வகையில் நியாயம்?

பென்சனுக்கு வேறொரு பெறுமதியும் உண்டு. 1990 ஒக்டோபரில் வடக்கு முஸ்லிம்களைப் புலிகள் வெளியேற்றியபோது கடைக்காரர் கடையையும் சரக்கையும் கடன் கொப்பியையும் விட்டுவிட்டு வந்தார். கொப்பியில் இருந்த கடன்காரர்களும் அங்கேயே நின்றார்கள். என் தாய்மாமா இளைப்பாறிய ஆசிரியர். கையில் வந்தது ஒரு பை மட்டும்தான். ஆனால் அவருடைய பென்சன் கோவையை யாரும் பறிக்க முடியவில்லை. சில மாத அலைச்சலுக்குப் பின் புத்தளத்தில் பென்சன் எடுக்கத் தொடங்கினார். லட்சங்களைப் புரட்டிய அவருடைய தம்பி, கொஞ்சக் காலம் அந்தப் பென்சனில்தான் சாப்பிட்டார்.

இப்போது நம் கடைப் பக்கம் வருவோம். பென்சன்காரருக்குக் கடன் கொடுப்பது பாதுகாப்பானது என்று நினைக்கிறோம். சட்டம் வேறு மாதிரிச் சொல்கிறது. குடியியல் நடவடிக்கைமுறைக் கோவையின் 218ஆம் பிரிவு, தீர்ப்பை நிறைவேற்றுவதற்காகக் கைப்பற்ற முடியாத சொத்துகளைச் சொல்கிறது. அரசாங்க ஓய்வூதியரின் பென்சனும் பணிக்கொடையும் அதில் அடக்கம். நீங்கள் வழக்கில் வென்றாலும் பென்சன் மீது கை வைக்க முடியாது. கடன் கொடுப்பது அவருடைய நாணயத்தை நம்பித்தான் என்பதைத் தெரிந்துகொண்டு அளவோடு கொடுங்கள்.

இதற்கு மாற்றுவழி என்று சில கடைக்காரர்கள் பென்சன்காரரின் வங்கி அட்டையையும் இரகசிய இலக்கத்தையும் வாங்கி மேசை லாச்சியில் வைத்துக்கொள்கிறார்கள். 10ஆம் திகதி தாங்களே போய்க் காசெடுத்து, தங்கள் கணக்கைக் கழித்துக்கொண்டு மிச்சத்தைக் கொடுக்கிறார்கள். நம் சகோதரர்களும் சிலர் இதைச் செய்கிறார்கள் என்பதை வெட்கத்தோடு எழுதுகிறேன். அட்டையையும் இலக்கத்தையும் இன்னொருவரிடம் கொடுப்பதை வங்கிகள் அனுமதிப்பதில்லை. அது ஒருபுறம் இருக்கட்டும். அட்டை உங்கள் கையில் இருந்தால் அந்த முதியவர் வேறு கடைக்குப் போக முடியாது. விலை கேட்கவும் முடியாது. சந்தையில் வாங்குபவருக்கு உள்ள சுதந்திரத்தையே அடகு பிடிக்கிறீர்கள். கஷ்டத்தில் இருக்கும் கடனாளிக்கு அவகாசம் கொடுக்கச் சொல்லும் மார்க்கத்தில் இதற்கு என்ன இடம் இருக்கிறது? நான் செய்வது எளிமையானது. கணக்கை இரண்டு கொப்பியில் எழுதி ஒன்றை அவரிடம் கொடுக்கிறேன். ஒரு மாதப் பென்சனில் கால்வாசிக்கு மேல் கடன் ஏற விடுவதில்லை. பத்து வருடத்தில் வராமல் போன காசு மிகக் கொஞ்சம்.

அரசாங்கம் பென்சனை இழுத்தடிக்கிறது என்று குறை சொல்லும் நாம், நம் கடையில் நிற்கும் பிள்ளைகளுக்கு என்ன வைத்திருக்கிறோம்? 1958ஆம் ஆண்டின் 15ஆம் இலக்க ஊழியர் சேமலாப நிதிச் சட்டப்படி ஒரே ஒருவரை வேலைக்கு வைத்திருந்தாலும் பதிவு செய்ய வேண்டும். ஊழியரின் சம்பளத்தில் 8 சதவீதம், முதலாளியின் பங்கு 12 சதவீதம். இதற்கு மேலாக 1980ஆம் ஆண்டின் சட்டப்படி ஊழியர் நம்பிக்கை நிதியத்துக்கு முதலாளி 3 சதவீதம் கட்ட வேண்டும். பதினைந்து பேர் அல்லது அதற்கு மேல் உள்ள கடை என்றால், ஐந்து வருடம் நிறைவு செய்து விலகும் மாதச் சம்பளக்காரருக்கு வருடத்துக்கு அரைமாதச் சம்பள வீதம் பணிக்கொடை கொடுக்க 1983ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கச் சட்டம் கட்டாயப்படுத்துகிறது.

"பிள்ளை சொந்தக்காரப் பிள்ளை, பெருநாளுக்கு உடுப்பும் காசும் கொடுக்கிறேன், கலியாணத்துக்கும் செய்வேன்" என்று பலர் சொல்வார்கள். செய்வார்கள்தான், நான் மறுக்கவில்லை. ஆனால் அது முடியின் கருணை மாதிரி. கோபம் வந்தால் நின்றுவிடும். முதலாளி மெளத்தானால் வாரிசுகளுக்கு அந்த வாக்குத் தெரியாது. வியர்வை உலருமுன் கூலியைக் கொடுக்கச் சொல்லும் நபிமொழியை ஜும்ஆவில் கேட்கிறோம். இந்த 12 சதவீதமும் கூலியின் ஒரு பகுதியே. அதைவிட மோசம், ஊழியரிடம் 8 சதவீதத்தைக் கழித்துவிட்டுக் கட்டாமல் இருப்பது. அது அவருடைய காசு, நம்மிடம் இருக்கும் அமானிதம். அதைச் சரக்கில் போட்டுப் புரட்ட நமக்கு உரிமையில்லை. ஒரு மாதத்துக்குரிய பங்களிப்பை அடுத்த மாதம் முடிவதற்குள் கட்டாவிட்டால் மேலதிகக் கட்டணம் 5 சதவீதத்தில் தொடங்கி, ஒரு வருடத்துக்கு மேல் போனால் 50 சதவீதம் வரை ஏறும். தொழில் திணைக்களம் வழக்கும் வைக்கலாம்.

பழைய நிலுவை உள்ளவர்கள் பயந்து ஒளிக்க வேண்டியதில்லை. பெயர்ப் பட்டியல், சேர்ந்த திகதி, சம்பளம் மூன்றையும் எழுதிக்கொண்டு பிரதேசத் தொழில் அலுவலகத்துக்குப் போங்கள். அவர்கள் வந்து பிடிப்பதற்கு முன் நீங்கள் போனால் பேச இடமிருக்கும்.

கடைசியாக முதலாளிகளான நமக்கு. நமக்குப் பென்சனும் இல்லை, சேமலாப நிதியும் இல்லை. கடை ஓடும்வரைதான் வரும்படி. 1990இல் ஒரே நாளில் கடையை இழந்தவர்களுக்கு இதை நான் சொல்ல வேண்டியதில்லை. சுயதொழில் செய்பவர்களுக்காக 1996ஆம் ஆண்டின் 17ஆம் இலக்கச் சட்டத்தால் இலங்கை சமூகப் பாதுகாப்புச் சபை அமைக்கப்பட்டது. மாதம் சிறு தொகை கட்டிப் பின்னாளில் ஓய்வூதியம் பெறும் திட்டங்கள் அதில் உண்டு. உங்கள் பிரதேச செயலகத்திலேயே விசாரிக்கலாம். கட்டும் காசு எங்கே முதலிடப்படுகிறது என்பதையும் கேட்டு, உலமாக்களிடம் விளக்கம் பெற்றபின் முடிவெடுங்கள்.